ரீத் பூ பார்க்கக் கிளம்பும் பெர்த் தமிழர்களுக்கு ஒரு மடல்

பெர்த்தில் வாழும் தமிழ் உறவுகளுக்கு வணக்கம்.

செப்டம்பர் விடுமுறை வந்தால் நாலைந்து குடும்பங்களாகச் சேர்ந்து, புளிசாதமும் தயிர்சாதமும் கட்டிக்கொண்டு, வடக்கே முல்லேவா, பிண்டார் என்ற சிற்றூர்கள் பக்கம் காட்டுப்பூ பார்க்கப் போகிறோம். ஒரு வழிக்கே 450 கிலோமீட்டருக்கு மேல். நல்ல வழக்கம், இன்னும் நிறைய பேர் போக வேண்டும். ஆனால் போகிறவர்களிடம் எனக்கு ஒரு கோரிக்கை உண்டு. ரீத் பூ (ரீத் என்றால் ஆங்கிலத்தில் மலர்வளையம்) பூத்திருக்கும் இடத்தில் வண்டியை ஓரத்து மண்ணில் ஏற்றாதீர்கள். செடிகளுக்கு நடுவே கால் வைக்காதீர்கள்.

இது லெஷனால்ட்டியா மக்ராந்தா என்ற குறுஞ்செடி. மேற்கு ஆஸ்திரேலியாவைத் தவிர உலகில் வேறெங்கும் தானாக வளராது. தண்டுகள் நடுவிலிருந்து நாலாபக்கமும் தரையோடு ஒட்டிப் படரும், பூக்கள் அவற்றின் நுனியில்தான் வரும். அதனால் நடுவில் பச்சை, சுற்றிலும் இளமஞ்சளும் சிவப்பும் கலந்த பூக்கள் என்று, யாரோ கட்டி வைத்த மாலை மாதிரி வட்டமாகத் தெரியும். பெரிய செடி ஒரு மீட்டர் அகலம்கூட வரும். உயரமோ ஒரு சாண் இருந்தால் அதிகம். பூக்காத இளஞ்செடி சும்மா புல் மாதிரி கிடக்கும். பூத்த செடியை ஒதுங்கித் தாண்டும் நாம், பக்கத்தில் இருக்கும் இளஞ்செடியை மிதித்தது தெரியாமலே வந்துவிடுவோம்.

சரி, அத்தனை பெரிய மணல்வெளியில் இது ஏன் சாலையோரத்திலேயே நிற்கிறது? கிளறிவிட்ட மண் இதற்குப் பிடிக்கும். மண்சாலையைச் சமன்படுத்தும் இயந்திரம் ஓரத்தைச் சுரண்டிவிட்டுப் போன இடத்தில் முளைத்து வரும். மற்ற புதர்கள் திரும்பி வந்து அடர்ந்தால் இது பின்வாங்கிவிடும். ‘கிளறினால்தானே வளர்கிறது, மிதித்தால் என்ன?’ என்று யாராவது கேட்கலாம். கிளறுவது விதைக்கு இடம் கொடுக்கிறது. பூக்கும் காலத்தில் மிதிப்பது அந்த ஆண்டின் விதையையே இல்லாமல் செய்துவிடுகிறது. ஆகஸ்ட் முதல் அக்டோபர் வரை, நாம் கூட்டமாகப் போகும் அதே மாதங்களில்தான் இது பூக்கிறது.

இந்த ஓரங்களுக்கு இன்னொரு மதிப்பும் உண்டு. சத்தில்லாத மணல் என்று ஒதுக்கிய நிலத்தில் சூப்பர் பாஸ்பேட்டும், செம்பு, துத்தநாகம் கலந்த உரங்களும் போட்டுக் கோதுமை விளைவிக்க முடிந்த பிறகு, புதர்க்காடுகளை வேகமாக அழித்தார்கள். 1960களில் ஆண்டுக்குப் பத்து லட்சம் ஏக்கரைத் திருத்த வேண்டும் என்பது அரசாங்கத்தின் கொள்கையாகவே இருந்தது. கோதுமை வட்டாரத்தின் பல பகுதிகளில் இப்போது பழைய செடிகொடிகள் சாலைக்கும் வேலிக்கும் நடுவே கிடக்கும் அந்தப் பட்டையில்தான் மிஞ்சியிருக்கின்றன. நாம் ஓரம்கட்டி நிறுத்தும் இடம் அது.

அப்புறம், பூவைக் கண்டதும் பறித்துத் தலையில் வைத்துக்கொள்ளும் பழக்கம் நமக்கு உண்டு. எனக்கும் அது பிடிக்கும். ஆனால் இங்கே உரிமம் இல்லாமல் அரசு நிலத்துக் காட்டுப்பூவைப் பறிப்பது சட்டப்படி குற்றம், சாலையோரமும் அதில் அடக்கம். செடியைத் தோண்டிக்கொண்டு வந்து வீட்டில் வைக்கலாம் என்றும் நினைக்க வேண்டாம். கைதேர்ந்த தோட்டக்காரர்களுக்கே எளிதில் வசப்படாத செடி இது.

பயணத்தை ஏற்பாடு செய்யும் அண்ணன்மாரே, அக்காமாரே, வாட்ஸ்ஆப் குழுவில் சாப்பாட்டுப் பட்டியல் போடும்போதே இதையும் சேர்த்துப் போடுங்கள். ஏற்கெனவே சக்கரம் பதிந்து இறுகிய வெறுந்தரையில், சாலையை விட்டுப் பாதுகாப்பாக விலகி வண்டியை நிறுத்தச் சொல்லுங்கள். படம் எடுப்பவர்கள் தள்ளி நின்று ஜூம் செய்யட்டும். குழந்தையைச் செடிகளுக்கு நடுவே உட்கார வைத்து எடுக்கும் படம் மட்டும் வேண்டாம். ஒரு வீட்டார் எடுத்தால் பின்னால் வரும் பத்து வீட்டாரும் அதே இடத்தில் எடுப்பார்கள். கூட வரும் பெரியவர்களுக்குக் குனிந்து பார்ப்பது சிரமம் என்றால், இறுகிய தரையில் மடக்கு நாற்காலி போட்டுக் கொடுங்கள். உட்கார்ந்த இடத்திலிருந்தே நன்றாகத் தெரியும்.

அன்புடன்,
பெர்த்திலிருந்து உங்களில் ஒருவர்