அகீம் தமிரோஃப் 'ரஷ்ய வில்லன்' மட்டும்தானா?

ஆசிரியருக்கு வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் ஹாலிவுட் இயக்குநர் ஆர்சன் வெல்ஸ் பற்றி வந்த கட்டுரையை ரசித்துப் படித்தேன். ஆனால் அகீம் தமிரோஃபை 'ரஷ்ய வில்லன் நடிகர்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்களே, அது மனசுக்கு ஒப்பவில்லை. அவர் ஆர்மீனியர். 1899இல் அவர் பிறந்த டிஃப்லிஸ், அதாவது இன்றைய திபிலிசி, அப்போது ரஷ்யப் பேரரசுக்குள் இருந்தது. ஆர்மீனியர்கள் பெருமளவில் வாழ்ந்த ஊர், இயக்குநர் ரூபன் மமூலியனும் அங்கே பிறந்த ஆர்மீனியர்தான். தமிரோஃப் மாஸ்கோ கலை அரங்கில் நடிப்புப் பயின்று, 1923இல் அந்தக் குழுவோடு அமெரிக்கா போனவர், திரும்பவில்லை. ஆக, ரஷ்யர் என்ற முத்திரை எங்கிருந்து வந்தது என்பது தெரிகிறது. அதற்காக நாமும் அதையே குத்த வேண்டுமா?

ஹாலிவுட்டுக்கு அந்தக் கனத்த உச்சரிப்பு போதுமானதாக இருந்தது, எந்த நாட்டுக்காரன் வேண்டுமானாலும் இவரைக் கூப்பிடு என்று விட்டுவிட்டார்கள். 'தி ஜெனரல் டைட் அட் டான்' படத்தில் சீனத் தளபதி யாங் (அந்த மேக்கப்பை இன்றைக்குப் பார்த்தால் சங்கடமாகத்தான் இருக்கிறது). துணை நடிகருக்கான ஆஸ்கர் தொடங்கியதே 1936ஆம் ஆண்டுப் படங்களில் இருந்துதான், அந்த முதல் பட்டியலிலேயே இந்த வேடத்துக்காக இவர் பெயர் இருந்தது. அப்புறம் 1943இல் 'ஃபார் ஹூம் த பெல் டோல்ஸ்': ஸ்பானிய கெரில்லா பாப்லோ, குடிகாரன், இவன் கோழையா தந்திரக்காரனா என்று நம்மைக் குழப்பிக்கொண்டே இருப்பான். இரண்டாவது ஆஸ்கர் பரிந்துரையும், துணை நடிகருக்கான முதல் கோல்டன் குளோபும் அதற்குத்தான்.

வெல்ஸ் விஷயத்துக்கு வருகிறேன். 1958இல் வந்த 'டச் ஆஃப் ஈவில்' படத்தில் எல்லை ஊர்க் கும்பலின் தலைவன் கிராண்டியாக வருகிறார், தலையில் விக் நிலைகொள்ளாது, அதோடுதான் அடுத்தவரை மிரட்டுவார், நமக்குச் சிரிப்பும் வரும், பயமும் போகாது. இதை எத்தனை பேரால் செய்ய முடியும்? 'டான் குவிக்ஸாட்' இன்னும் பெரிய கதை. 1957இல் மெக்சிகோவில் தொடங்கி, கையில் காசு சேரும்போதெல்லாம் வெல்ஸ் வருடக்கணக்கில் எடுத்துக்கொண்டே இருந்த படம், அதில் குவிக்ஸாட்டின் பணியாள் சாஞ்சோ பான்சா இவர்தான். 1972இல் தமிரோஃப் இறந்தார், 1985இல் வெல்ஸும் போனார், படம் முடியவே இல்லை. உங்கள் கட்டுரை அந்தப் படத்துக்கு இரண்டு பத்தி ஒதுக்கியிருக்கிறது, சாஞ்சோவாக நடித்தவர் யார் என்று ஒரு வார்த்தை இல்லை!

இவரைப் பற்றித் தனியாக ஒரு கட்டுரை போடுங்கள். 1940இல் வந்த 'தி கிரேட் மெக்கின்டி'யில் இருந்து தொடங்கலாம், அதில் ஊரையே ஆட்டிவைக்கும் அரசியல் தாதாவாக வந்து, தானே உருவாக்கிய ஆளோடு படம் முழுக்க மல்லுக்கு நின்று சிரிக்க வைப்பார்.

இப்படிக்கு,
உங்கள் நீண்டநாள் வாசகர்