ஹாங்காங் வாக்காளர்கள் அக்கறையற்றவர்களா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

2025 டிசம்பர் 7-ஆம் தேதி ஹாங்காங்கில் நடைபெற்ற சட்டமன்றத் தேர்தலைப் பற்றித் தங்கள் நாளிதழின் உலகச் செய்திப் பக்கத்தில் வெளிவந்த குறிப்பில், மக்களே உறுப்பினரைத் தேர்ந்தெடுக்கும் நேரடித் தொகுதிகளில் வாக்களித்தோர் 31.9 விழுக்காட்டினர் மட்டுமே என்றும், மக்களிடையே பரவியுள்ள அக்கறையின்மையே அதற்குக் காரணம் என்றும் எழுதப்பட்டிருந்தது. எண்ணிக்கையில் எனக்கு மறுப்பில்லை. காரணத்தை மட்டும் ஏற்க இயலவில்லை. அந்நகரின் அரசியலைப் பல ஆண்டுகளாகத் தொடர்ந்து படித்து வருபவன் என்ற முறையில், சில செய்திகளைத் தங்கள் வாசகர்களின் பார்வைக்கு வைக்க விரும்புகிறேன்.

இதே ஹாங்காங்கில் 2019 நவம்பர் 24-ஆம் தேதி மாவட்ட மன்றத் தேர்தல் நடந்தபோது, பதிவு பெற்ற வாக்காளர்களில் 71.23 விழுக்காட்டினர் வாக்களித்தனர். குப்பை, நடைபாதை, பேருந்து நிறுத்தம் போன்றவற்றைக் கவனிக்கும் மன்றங்களுக்கான தேர்தல் அது. அதற்கே காலை முதல் கட்டடங்களைச் சுற்றி வரிசை நீண்டது. இன்னும் பின்னோக்கிப் போனால், நகரம் சீனாவிடம் ஒப்படைக்கப்பட்ட பின் நடந்த முதல் சட்டமன்றத் தேர்தலின்போது, 1998 மே மாதத்தில், கொட்டும் மழையிலும் 53 விழுக்காட்டினர் வாக்குச்சாவடிக்கு வந்தனர். அப்படிப்பட்ட மக்கள் ஆறே ஆண்டுகளில் அரசியலை வெறுத்து வீட்டில் முடங்கிவிட்டார்கள் என்று சொல்வது, நடந்ததைப் பாதியில் இருந்து படிப்பதாகும். தேர்தலுக்குப் பதினொரு நாள் முன்பு தாய் போ வட்டாரத்து அடுக்குமாடிகளில் மூண்ட தீயில் நூற்றைம்பதுக்கும் மேற்பட்டோர் மாண்ட துயரம் வாக்குப்பதிவைப் பாதித்தது என்றும் சொல்லிவிட முடியாது. எந்தத் துயரமும் குறுக்கிடாத 2021 தேர்தலில் பதிவானது 30.2 விழுக்காடுதான்.

முதலில் அங்குள்ள அமைப்பைச் சொல்ல வேண்டும். ஆங்கிலேயரை இதில் நல்லவர்களாகக் காட்டுவதற்கு ஒன்றுமில்லை. மலாயாவில் 1955-லேயே பொதுத்தேர்தல் நடத்தியவர்கள், ஹாங்காங்கில் ஒன்றரை நூற்றாண்டு ஆண்டுவிட்டு, 1991-இல்தான் சட்டமன்றத்தின் 60 இடங்களில் 18 இடங்களை மக்களின் நேரடி வாக்குக்கு விட்டார்கள். அந்தப் பதினெட்டில் ஏறத்தாழ அனைத்தையும் மார்ட்டின் லீ தலைமையிலான ஐக்கிய ஜனநாயகவாதிகளும் அவர்களுடைய தோழமை அணியினரும் வென்றனர். அக்கட்சியே 1994-இல் வேறொரு குழுவுடன் இணைந்து ஜனநாயகக் கட்சியாயிற்று. 1991 தேர்தல் கற்பித்த பாடத்தால், பெய்ஜிங்கை ஆதரிப்போர் 1992-இல் தங்களுக்கென ஒரு கட்சியைத் தொடங்கினர். அதன் ஆங்கிலச் சுருக்கம் டிஏபி. மலேசியாவில் அதே போன்ற சுருக்கம் கொண்ட நம் ஜனநாயகச் செயல் கட்சிக்கும் (ஜசெக) அதற்கும் எந்தத் தொடர்பும் இல்லை. வணிகர்களின் லிபரல் கட்சி அடுத்த ஆண்டில் பிறந்தது.

மீதமுள்ள இடங்களில் பல, தொழில்வாரித் தொகுதிகள் எனப்படுபவை. மருத்துவர்களுக்கு ஒன்று, வழக்கறிஞர்களுக்கு ஒன்று, வங்கித் துறைக்கு ஒன்று, காப்புறுதித் துறைக்கு ஒன்று என அவை பிரிக்கப்பட்டுள்ளன. வேளாண்மைக்கும் மீன்பிடிக்கும் சேர்த்து ஓர் இடம் உண்டு. அதன் வாக்காளர்கள் உழவரோ மீனவரோ அல்லர், அத்துறைச் சங்கங்களே. அவற்றின் எண்ணிக்கை இருநூறைக்கூடத் தொடவில்லை. எங்கள் பேராக் மாநிலச் சட்டமன்றத்தில் தோட்டத் துறைக்கென ஓர் இடம் ஒதுக்கி, அதற்கான வாக்கைச் செம்பனைக் கம்பெனிகளிடம் கொடுத்துவிட்டு, குலை வெட்டுபவரை வெளியே நிறுத்தினால் எப்படி இருக்குமோ அப்படி. இந்த ஏற்பாட்டால், நேரடித் தொகுதிகளில் தேர்தலுக்குத் தேர்தல் பாதிக்கு மேற்பட்ட வாக்குகளைப் பெற்ற ஜனநாயக அணியினர், நகரம் சீனாவிடம் ஒப்படைக்கப்பட்ட பின் சட்டமன்றத்தில் ஒருமுறைகூடப் பெரும்பான்மையைக் காணவில்லை. பெரும்பான்மையைக் கண்டிருந்தாலும் ஆட்சியில் அமர்ந்திருக்க முடியாது. நகரின் ஆட்சித் தலைவரான தலைமை நிர்வாகி எந்தக் கட்சியிலும் உறுப்பினராக இருக்கக் கூடாது என்பது அங்கே சட்டம். கட்சிகளுக்கென்று தனிச் சட்டமே கிடையாது. அவை கம்பெனிகளாகவோ சங்கங்களாகவோ பதிவு செய்துகொண்டு இயங்குகின்றன. ஆளவே முடியாத கட்சிகளுக்காக மக்கள் ஏன் வரிசையில் நின்றார்கள் என்ற கேள்வி இங்கே எழுவது இயல்பு.

அதற்கான விடை 2003-இல் கிடைத்தது. ஹாங்காங்கின் அரசியலமைப்பு போன்ற அடிப்படைச் சட்டத்தின் 23-ஆம் பிரிவின்படி தேசப் பாதுகாப்புச் சட்ட மசோதா ஒன்றை அரசு கொண்டுவந்தபோது, ஜூலை முதல் நாள் ஏறத்தாழ ஐந்து லட்சம் பேர் தெருவில் இறங்கினர். அதைக் கண்ட லிபரல் கட்சித் தலைவர் ஜேம்ஸ் தியன், தலைமை நிர்வாகிக்கு ஆலோசனை கூறும் நிர்வாக மன்றத்திலிருந்து விலகினார். வணிகர் கட்சியான அதன் வாக்குகள் இல்லாமல் மசோதா நிறைவேறாது என்பதால் அரசு அதை முதலில் ஒத்திவைத்து, செப்டம்பரில் முற்றாகத் திரும்பப் பெற்றது. அந்த நவம்பரில் நடந்த மாவட்ட மன்றத் தேர்தலில் டிஏபி பெரிய அடி வாங்கியது. குறைபட்ட சட்டமன்றமாக இருந்தாலும், அதற்குள் இருந்த கட்சிகளுக்கு அடுத்த தேர்தலைப் பற்றிய அச்சம் இருந்தது. அந்த அச்சமே வாக்காளரின் பலம். அதே 23-ஆம் பிரிவுக்கான சட்டம் 2024 மார்ச் 8-ஆம் தேதி மீண்டும் சட்டமன்றத்திற்கு வந்து, 19-ஆம் தேதி நிறைவேறியது. ஒருவர்கூட எதிர்த்து வாக்களிக்கவில்லை.

டிஏபியை எளிதாக ஒதுக்கிவிடுவதும் நியாயமல்ல. அரசுக் குடியிருப்புகளின் கீழ்த்தளத்தில் அலுவலகம் திறந்து, முதியவருக்கு விண்ணப்பப் படிவம் நிரப்பிக் கொடுத்து, குளிர்காலத்தில் பாம்புச் சூப் விருந்து, சைவ விருந்து, இலையுதிர்கால விழாவுக்கு நிலவுப் பணியாரம், படகுத் திருவிழாவுக்கு இலையில் கட்டிய அரிசி உருண்டை என ஆண்டு முழுவதும் மக்களோடு இருந்து வளர்ந்த கட்சி அது. தேர்தல் வந்தால் மட்டும் அரிசி மூட்டையோடு தோட்டத்துக்குள் நுழையும் அரசியலைப் பார்த்துப் பழகிய நமக்கு, அந்த உழைப்பு வியப்பாகவே தோன்றும். போட்டி இருந்த காலத்திலேயே அக்கட்சி நேரடித் தொகுதிகளில் இடங்களை வென்று வந்தது. ஆகவே, எதிராளியைக் களத்திலிருந்து அகற்றித்தான் அதற்கு வெற்றி தேடித் தர வேண்டும் என்ற நிலை இல்லை என்றே நான் கருதுகிறேன்.

ஆனால் நடந்தது அதுதான். 2016-இல் 58 விழுக்காட்டினர் வாக்களித்துத் தேர்ந்தெடுத்த உறுப்பினர்களில் ஆறு பேர், பதவிப் பிரமாணத்தை உரிய முறையில் எடுக்கவில்லை என்று பதவி இழந்தனர். 2020 ஜூன் இறுதியில் தேசியப் பாதுகாப்புச் சட்டம் பெய்ஜிங்கிலிருந்து வந்தது. அடுத்த மாதம் ஜனநாயக அணியினர் தங்கள் வேட்பாளர்களை முடிவு செய்ய நடத்திய முன்தேர்வு வாக்கெடுப்பில் ஆறு லட்சத்திற்கும் மேற்பட்டோர் கலந்துகொண்டனர். செப்டம்பரில் நடக்க வேண்டிய தேர்தல் கோவிட் தொற்றைக் காரணம் காட்டித் தள்ளிவைக்கப்பட்டது. முன்தேர்வை ஏற்பாடு செய்தவர்களும் அதில் நின்றவர்களுமாக 47 பேர் மீது அரசைக் கவிழ்க்கச் சதி செய்ததாகக் குற்றம் சாட்டப்பட்டு, அவர்களில் 45 பேருக்கு 2024 நவம்பரில் நான்கு ஆண்டு முதல் பத்து ஆண்டு வரை சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. பத்து ஆண்டு பெற்றவர் சட்டப் பேராசிரியர் பென்னி தாய். பெரும்பான்மை பெற்று வரவு செலவுத் திட்டத்தைத் தோற்கடிக்க அவர்கள் திட்டமிட்டார்கள் என்பது வழக்கின் சாரம்.

2021-இல் சட்டமன்றத்தின் இடங்கள் 70-இலிருந்து 90 ஆக உயர்ந்தன, நேரடி இடங்களோ 35-இலிருந்து 20 ஆகக் குறைந்தன. நாற்பது இடங்களை 1,500 பேர் கொண்ட தேர்தல் குழு நிரப்புகிறது. அந்த ஆண்டில் 40 இடங்களுக்கு நின்றவர்கள் 51 பேர். குழு உறுப்பினர் ஒவ்வொருவரும் சரியாக 40 பெயர்களைக் குறிக்க வேண்டும், ஒன்று கூடினாலும் குறைந்தாலும் அந்த வாக்குச் சீட்டு செல்லாது. நேரடித் தொகுதியில் நிற்க விரும்புபவரும் இதே தேர்தல் குழுவின் ஐந்து பிரிவுகளிலும் தலா இருவரிடமாவது கையெழுத்து வாங்கிய பிறகுதான் மனு செய்ய முடியும். அதன்பின் தகுதி ஆய்வுக் குழு ஒன்று அவரைப் பரிசீலிக்கும். வாக்குச்சாவடியில் மட்டும் பழைய முறையே தொடர்கிறது. வாக்காளர் அங்கே தரப்படும் சரிக்குறி முத்திரையை எடுத்துச் சீட்டில் குத்திப் பெட்டியில் போடலாம். வாக்களிக்காதீர்கள், வெற்றுச் சீட்டைப் போடுங்கள் என்று பிறரைத் தூண்டுவது அதே ஆண்டில் குற்றமாக்கப்பட்டது. தேர்தல் நாளில் ரயிலும் பேருந்தும் இலவசமாக ஓடின. அப்படியும் பத்தில் ஏழு பேர் வரவில்லை. வராமல் இருப்பதற்கு மட்டும் எவரிடமும் கையெழுத்து வாங்க வேண்டியதில்லை அல்லவா?

எங்கள் ஊர் வரலாற்றை இதனோடு வைத்துப் பார்த்தால் வேறுபாடு தெளிவாகும். சுங்கை சிப்புட் நாடாளுமன்றத் தொகுதியை முதலில் மலேசிய இந்தியர் காங்கிரஸின் துன் சம்பந்தன் வைத்திருந்தார். 1974 முதல் 2008 வரை துன் சாமிவேலு வைத்திருந்தார். ஒரே கட்சி, ஒரே சின்னம், முப்பத்து நான்கு ஆண்டுகள். சோசலிசக் கட்சியின் டாக்டர் ஜெயகுமார் தேவராஜ் 1999-இல் நின்று தோற்றார், 2004-இல் நின்று தோற்றார், 2008-இல் வென்றார். இத்தனைக்கும் 1998-இல் பதிவுக்கு விண்ணப்பித்த அவருடைய கட்சி சங்கப் பதிவகத்தின் ஒப்புதலைப் பெறப் பத்து ஆண்டுகள் ஆயின. அதுவரை அவர் பிற கட்சிகளின் சின்னத்தில்தான் நின்றார். நம் நாட்டு முறையில் குறை இல்லை என்று நான் வாதிடவில்லை. கட்சிக்குக் கதவு சாத்தியிருந்த காலத்திலும், தொகுதி வாக்காளர்களில் முன்மொழிய ஒருவரும் வழிமொழிய ஒருவரும் வைப்புத்தொகையும் இருந்தால் அவர் வேட்பாளராக முடிந்தது என்பதையே சுட்டுகிறேன். 2008 மார்ச் மாதத்து அந்த இரவில் ஒரு தமிழ்ப்பள்ளி வகுப்பறையில் வாக்கு எண்ணும் முகவராக உட்கார்ந்து, எண்ணிக்கை முடிவைப் பதியும் படிவம் 14-இல் கையெழுத்திட்டவர்களில் நானும் ஒருவன். எதிர் அணியின் முகவர் எங்கள் தோட்டத்து முன்னாள் தண்டல் (வேலை மேற்பார்வையாளர்). எண்ணிக்கையை என்னோடு ஒருமுறைக்கு இருமுறை சரிபார்த்துவிட்டு, அவரும் மறுபேச்சின்றிக் கையெழுத்திட்டார். தோற்றவர் திரும்பி வர வழி இருந்ததால்தான் அந்தத் தேர்தலுக்கு மதிப்பு இருந்தது. ஜெயகுமாரும் பின்னர் 2018-இல் தோற்றார், அதுவும் வாக்காளரின் முடிவே.

பெய்ஜிங் தரப்பின் வாதத்தையும் சொல்லிவிடுவது முறை. நாட்டுப்பற்றுள்ளோரே நகரை நிர்வகிக்க வேண்டும் என்பது அவர்கள் கொள்கை. 2019 ஜூலை முதல் நாள் சட்டமன்றக் கட்டடம் உடைத்துச் சூறையாடப்பட்டதையும், மாதக்கணக்கில் நீடித்த தெருவன்முறையையும், எதிர்க்கட்சியினர் மணிக்கணக்கில் பேசி அவை நடவடிக்கைகளை இழுத்தடித்ததையும் அவர்கள் எடுத்துக்காட்டுகிறார்கள். அவை நடந்தவைதாம். கல்லெறிந்தவரை நீதிமன்றத்தில் நிறுத்துவதில் எவருக்கும் கருத்து வேறுபாடு இருக்காது. ஆனால், கல்லெறியாமல் முப்பது ஆண்டுகள் தேர்தலில் நின்று, 2010-இல் பெய்ஜிங்கின் பிரதிநிதிகளோடு பேச்சு நடத்தி, அதற்காகத் தன் அணியினராலேயே துரோகி என்று ஏசப்பட்ட ஜனநாயகக் கட்சி, 2025 தேர்தல் முடிந்த அடுத்த வாரமே தன்னைக் கலைத்துக்கொள்ளத் தீர்மானித்ததே, அதற்கு இந்த வாதத்தில் விடையில்லை. குடிமைக் கட்சி 2023-இலும், சமூக ஜனநாயகவாதிகள் கழகம் 2025 ஜூனிலும் அதே முடிவுக்கு வந்திருந்தன.

இதையெல்லாம் எழுதும்போது நம் வீட்டு முற்றத்தையும் பார்க்காமல் இருக்க முடியவில்லை. 2023-இல் ஹாங்காங் மாவட்ட மன்றங்களில் மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கும் இடங்கள் 452-இலிருந்து 88 ஆகக் குறைக்கப்பட்டபோது உலகமே அதைக் கண்டித்தது. நம்மிடம் அந்த 88-உம் இல்லை. 1965-இல் இந்தோனேசிய மோதலைக் காரணம் காட்டி நிறுத்தப்பட்ட ஊராட்சித் தேர்தல்கள், 1976-ஆம் ஆண்டுச் சட்டத்தோடு மறைந்தே போயின. இடையில் செனட்டர் அதி நாகப்பன் தலைமையிலான அரச விசாரணை ஆணையம், தேர்ந்தெடுக்கப்பட்ட ஊராட்சி மன்றங்களே வேண்டும் என்று பரிந்துரைத்தது. ஒரு தமிழர் தலைமையேற்று எழுதிய அந்த அறிக்கையை நம் இளையோரில் எத்தனை பேர் கேள்விப்பட்டிருப்பார்கள்? எங்கள் தாமானில் (குடியிருப்புப் பகுதியில்) கால்வாய் அடைத்துக்கொண்டால் எவரிடம் சொல்வது என்பது தெரியும். அவரை அடுத்த முறை வேண்டாம் என்று சொல்வதற்குத்தான் வழியில்லை.

ஆகவே தங்களிடம் இரு வேண்டுகோள்கள். இனி ஹாங்காங் தேர்தலைப் பற்றிச் செய்தி வெளியிடும்போது, வென்றோர் பட்டியலுக்கும் வாக்குப்பதிவு விழுக்காட்டுக்கும் பக்கத்தில், வேட்பாளராவதற்கு அங்கே யாருடைய கையெழுத்து தேவை என்பதை ஒரு வரியிலாவது சேர்க்க வேண்டும். மற்றொன்று, அதி நாகப்பன் ஆணைய அறிக்கையின் பரிந்துரைகளைத் தங்கள் ஞாயிறு பதிப்பில் ஒரு தொடராக வெளியிட வேண்டும். இடப் பற்றாக்குறை என்றால் சோதிடப் பக்கத்தைச் சற்றுக் குறைத்துக்கொள்ளலாம், வாசகர்கள் பொறுத்துக்கொள்வார்கள்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
சுங்கை சிப்புட், பேராக்.