வக்கீல் வராததற்குக் கட்சிக்காரருக்குத் தண்டனையா?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

நீதிமன்றத் தேக்கம் பற்றிய உங்கள் கட்டுரையில், வக்கீல் வராத அப்பீல்களைத் தள்ளுபடி செய்வது சரிதான், அக்கறை இருந்தால் கட்சிக்காரரே வந்து நிற்கட்டும் என்று எழுதியிருந்தீர்கள். படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை.

என் அப்பாவுக்கு அக்கறை இல்லாமலா போயிற்று? கிணற்றடி நிலத்தை ஒப்படைக்கச் சொல்லி முன்சீப் கோர்ட்டில் தீர்ப்பானதும், சப் கோர்ட்டில் அப்பீல் போட்டுத் தடையும் வாங்கினார். வாய்தா தவறாமல் போய் நின்றவரை, "நீங்க எதுக்குங்கய்யா அலையறீங்க, ஆர்க்யுமெண்ட் வந்தா சொல்றோம்" என்று அனுப்பி வைத்ததே வக்கீல் குமாஸ்தாதான். அப்புறம் கோர்ட் உத்தரவை நிறைவேற்றும் ஊழியரான அமீனா வாசலில் வந்து நின்றபோதுதான் அப்பீல் தள்ளுபடியானதே தெரிந்தது. நகல் வாங்கிப் பார்த்தோம். கூப்பிட்டதற்கு மேல்முறையீட்டாளரும் இல்லை, வக்கீலும் இல்லை, தள்ளுபடி. அவ்வளவுதான். அப்பாவின் பத்திரத்தைப் பற்றி அதில் ஒரு எழுத்து கிடையாது.

உங்களுக்குத் தெரியாத சட்டமில்லை. வக்கீல் செய்த தவறுக்குக் கட்சிக்காரர் பாதிக்கப்படக் கூடாது என்று 1981-ல் ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. குற்றவியல் அப்பீலை வக்கீல் வரவில்லை என்பதற்காக மட்டும் தள்ளக் கூடாது என்று 1996-ல் பானி சிங் வழக்கில் சொன்னது. தண்டனை பெற்றவருக்குக் கிடைக்கும் அந்தப் பாதுகாப்பு நிலத்துக்காரருக்கு ஏன் இல்லை?

வக்கீல்கள் கோர்ட்டைப் புறக்கணிக்க உரிமையில்லை என்று 2002-லேயே தீர்ப்பு வந்தது. இன்றும் புறக்கணிக்கிறார்கள். அதைப் பற்றி உங்கள் கட்டுரையில் ஒரு வரி இல்லை. சரி, வக்கீலை மாற்றலாம் என்று போனால், பீஸ் பாக்கி, கேஸ் கட்டைத் தர முடியாது என்றார். பீஸுக்காகக் கட்டைப் பிடித்து வைக்கக் கூடாது என்பதும் 2000-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னதுதான்.

தள்ளுபடியான அப்பீலை மறுபடி கோப்பில் எடுக்க மனுப் போட 30 நாள்தான் கெடு. எங்களுக்கு விஷயம் தெரியும்போது அது முடிந்திருந்தது. தாமதத்தை மன்னிக்கச் சொல்லித் தாமத மனுப் போட்டோம். எதிர்த்தரப்பு எதிர்மனுவிலும் உங்கள் கட்டுரையில் உள்ளதேதான்: அக்கறை இல்லாதவர். அந்த மனு இன்னும் வாய்தாவில் இருக்கிறது. ஒரு அப்பீல் குறைந்ததாகக் கணக்கு. அந்த இடத்தில் தாமத மனு, கோப்பில் எடுக்கும் மனு, தடை மனு. இதில் தேக்கம் எங்கே குறைந்தது?

ஒன்றுதான் கேட்கிறேன். அந்த 30 நாள் கெடுவையும், இ-கோர்ட்ஸ் செயலியில் வழக்குக்குரிய தனி அடையாள எண்ணான சி.என்.ஆர். எண்ணைப் போட்டால் கட்சிக்காரரே வாய்தா பார்த்துக்கொள்ளலாம் என்பதையும் அடுத்த இதழில் கட்டம் கட்டிப் போடுங்கள்.

இப்படிக்கு,
வாசகி, ஈரோடு மாவட்டம்