தீர்ப்பு நகலைச் சாமி படத்துக்குப் பின்னால் செருகாதீர்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ஜார்ஜ்டவுனில் ஒரு வழக்கறிஞர் அலுவலகத்தில் 31 ஆண்டுகள் கிராணியாக இருந்து ஓய்வு பெற்றவன் நான். இன்றும் கோயிலிலோ சந்தையிலோ பார்க்கிறவர்கள், "அண்ணே, தீர்ப்பு வந்துருச்சு, ரிவியூ போடலாமா?" என்று கேட்கிறார்கள். முன்னாள் பிரதமர் நஜிப்பின் வழக்குக்குப் பிறகு இந்தச் சொல் எல்லோர் வாயிலும் வந்துவிட்டது. அவருடைய மறுஆய்வு (ரிவியூ) மனுவை நாட்டின் உச்ச நீதிமன்றமான கூட்டரசு நீதிமன்றம் 2023 மார்ச் 31-இல் நான்குக்கு ஒன்று என்ற பெரும்பான்மையில் தள்ளுபடி செய்தது. அந்த மறுஆய்வுக்கு வழிவிடும் 137-ஆவது விதி அநீதியைத் தடுக்க மிக அரிதாகப் பயன்படுவது. அது இன்னொரு அப்பீல் இல்லை.

நம் மக்களுக்குத் தேவைப்படுவது பெரும்பாலும் கீழ்நீதிமன்றத்திலேயே இருக்கிறது. சம்மனுக்கு நாம் பதில் கொடுக்காததால் எழுதப்படும் தீர்ப்பை, அதை எழுதிய நீதிமன்றமே நீக்கலாம். நம் தரப்பை அது கேட்கவே இல்லை அல்லவா! ஆனால் தீர்ப்பு கையில் கிடைத்த 30 நாளுக்குள் மனு போட வேண்டும். (முழு விசாரணை நடந்திருந்தால் வழி வேறு: மஜிஸ்ட்ரேட் நீதிமன்றத் தீர்ப்பின் மீது 14 நாளுக்குள் உயர்நீதிமன்றத்துக்கு அப்பீல்.)

என்னால் மறக்க முடியாத ஒருவர், பிறை என்ற ஊரில் இருந்த லோரி ஓட்டுநர். நண்பரின் கார் கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டவர். புக்கிட் மெர்தாஜாமுக்குக் குடிமாறியும் மைகார்டு அடையாள அட்டையில் பழைய முகவரிதான். சம்மனும் தீர்ப்பும் அண்ணன் வீட்டுக்கே போயின. மலாயில் இருந்த அந்தக் காகிதங்களை அண்ணி சாமி படத்துக்குப் பின்னால் பத்திரமாகச் செருகி வைத்திருந்தார். வங்கிக் கணக்கு முடங்கிய பிறகுதான் தேடி எடுத்தார்கள். அதற்குள் நான்கு மாதம் போய்விட்டது.

அந்த நான்கு மாதத்துக்குச் சொல்லக் காரணம் இருந்தது. நண்பர் பாதிப் பணத்தைக் கட்டிய ரசீதுகளும் இருந்தன. ஆனால் காகிதம் கைக்கு வந்த பிறகும் இவர் இரண்டு மாதம் சும்மா இருந்துவிட்டார். தைப்பூசம் முடியட்டும் என்றார் ஒருவர். தெரிந்த கட்சிக்காரரிடம் பேசிப் பார்க்கலாம் என்றார் இன்னொருவர். தாமதமாகப் போடும் மனுவில் ஒவ்வொரு வாரத்துக்கும் விளக்கம் சொல்ல வேண்டும். அந்த இரண்டு மாதத்துக்கு அஃபிடவிட்டில் (சத்தியப் பிரமாண வாக்குமூலத்தில்) எழுத எங்களிடம் ஒன்றும் இல்லை. மனு தள்ளுபடியானது. ரசீதுகளை யாரும் பார்க்கவே இல்லை. அவர் அவற்றைப் பிளாஸ்டிக் பையில் திரும்ப எடுத்துப் போட்டுக்கொண்டு படியிறங்கியது இன்னும் என் கண்ணில் நிற்கிறது.

ஆள் வராமல் எழுதப்பட்ட ஒவ்வொரு தீர்ப்பின் முதல் பக்கத்திலும், "இதை நீக்கக் கேட்க உங்களுக்கு 30 நாள் உண்டு" என்ற ஒரு வரியை மலாய், சீனம், தமிழ் மூன்றிலும் அச்சிட வேண்டும். நீதிமன்ற நிர்வாகம் நினைத்தால் இது முடியாத காரியமில்லை. அதுவரை, வீட்டுக்கு நீதிமன்றக் காகிதம் வந்தால் வந்த தேதியை அதன் மேலேயே பேனாவால் எழுதி, அந்த வாரமே ஒரு வழக்கறிஞரிடமோ சட்ட உதவி மையத்திடமோ காட்டுங்கள். முப்பது நாள் கடந்திருந்தாலும் உடனே போங்கள். கூடுதல் அவகாசம் கேட்க வழி உண்டு. மேலும் காத்திருந்தால்தான் கேட்பது கடினமாகும்.

இந்த 30 நாள் கணக்கை மாதம் ஒரு முறையாவது தங்கள் நாளிதழில் ஒரு சிறு கட்டமாக வெளியிடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வக்கீல் கிராணி,
ஜெலுத்தோங், பினாங்கு