அரைப்பேருக்குச் சம்மதிக்காதே

அன்புள்ள மகளுக்கு,

நாங்கள் சுகம். அட்டனில் விடாத மழை. போனில் நீ சொன்னது மனதைவிட்டுப் போகவில்லை. முழுத்தொடரையும் நீ எழுதியிருக்க, கதை திரைக்கதை என்று இயக்குநரின் பேர் வரும், உன்னை உதவி என்று போடுவார்களாம். "பேய்க்கதைதானேப்பா, அடுத்ததில் பார்த்துக்கொள்ளலாம்" என்றாய். எனக்குப் பொறுக்கவில்லை.

உன் அம்மா தோட்டத்தில் தேயிலைக் கொழுந்தெடுத்த காலத்தில், பறித்த கொழுந்து நிறை காணாத அன்று அரைப்பேர்தான் விழும். விடிந்ததிலிருந்து மலையில் நின்றவளின் நாளைப் பாதியாக்கிச் செக்ரோல் என்ற பேர்ப் பதிவேட்டில் எழுதிவிடுவார்கள். உனக்கும் அதைத்தான் செய்யப் பார்க்கிறார்கள்.

கொழும்புக்குப் போகும் வழியில் கித்துல்கலையில், ஆற்றைக் காட்டி இங்கேதான் பாலத்தை வெடிக்க வைத்தார்கள் என்று பஸ்ஸில் யாராவது சொல்வார்களே, ஞாபகமா? 1957இல் வந்த 'த பிரிட்ஜ் ஆன் த ரிவர் குவாய்' படம். அதை எழுதிய கார்ல் ஃபோர்மனும் மைக்கேல் வில்சனும் ஹாலிவுட்டின் கறுப்புப் பட்டியலில் இருந்தவர்கள். கம்யூனிஸ்ட் என்ற சந்தேகம். திரையில் அவர்கள் பேர் வரவில்லை. மூல நாவலை எழுதிய பியர் பூலுக்குத் திரைக்கதைக்கான ஒஸ்காரைக் கொடுத்துவிட்டார்கள். அதைத் திருத்த 1984 ஆயிற்று. வில்சன் 1978இலேயே இறந்துவிட்டார். அடுத்ததில் பார்த்துக்கொள்ளலாம் என்று நீ சொன்னபோது அவர்தான் என் நினைவுக்கு வந்தார்.

பேய்க்கதை என்றால் இளப்பமா? அமெரிக்கத் தொலைக்காட்சி எழுத்தாளர் ராட் சேர்லிங்கைப் பற்றி நீதானே எனக்குச் சொன்னாய். இனவெறிக் கொலையைப் பற்றி அவர் தொலைக்காட்சிக்கு எழுதியதை விளம்பரக்காரர்களுக்குப் பயந்து, ஊரையும் ஆளையும் மாற்றி உயிரில்லாமல் ஆக்கினார்கள். 1959இல் 'த ட்விலைட் ஸோன்' தொடரைத் தொடங்கி, வேற்றுக்கிரகத்தாரை வைத்து மனிதரின் வெறுப்பை எழுதினார். 156 கதைகளில் 92 அவருடையவை. 1968இல் வந்த 'பிளானட் ஆஃப் த ஏப்ஸ்' திரைக்கதையில் வில்சன் பேரும் சேர்லிங் பேரும் சேர்ந்தே வந்தன. எனக்கு அதில் எவ்வளவு சந்தோஷம் தெரியுமா!

துயரத்தையும் பயத்தையும் இப்படிக் கதையாக்குவது நமக்கும் புதிதில்லை. மாசியில் காமன் கூத்தில் மன்மதன் எரிந்ததும் ரதி அழுவாள், லயத்து வரிசை வீடுகள் எல்லாம் கூட அழும். ஸ்டோர் என்கிற தேயிலை ஆலைக்கு ரோதமுனி சாமி காவல். பெரிய பெரிய சக்கரங்களுக்குப் பக்கத்தில் நின்று வேலை செய்த சனம் தன் பயத்துக்கு ஒரு முகம் கொடுத்து, அதைக் கும்பிட்டது என்றுதான் நான் நினைக்கிறேன். நீ எழுதுவதும் அந்தப் பயத்தைத்தான். நன்றாகவும் எழுதுகிறாய். மூன்றாம் பாகத்தில் அந்தக் கிழவி கதவைத் திறக்காமலே பேசும் இடத்தை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். அன்றிரவு அவள் விளக்கை அணைக்க விடவில்லை.

ஒப்பந்தத்தில் இப்போதே கையெழுத்துப் போடாதே. திரைக்கதை என்ற இடத்தில் உன் பேர் எப்படி வரும் என்பதை எழுத்தில் கேள். ஒவ்வொரு வரைவையும் தேதியோடு உனக்கே மின்னஞ்சலில் அனுப்பி வை. சென்னையில் எழுத்தாளர் சங்கத்தில் கதையைப் பதிந்துகொள்ளலாம், அதைத் தள்ளிப்போடாதே. பணம் போய்விடும் என்று பயப்படாதே, வாடகைக்கு நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.

பெரியத்தையிடம் ரோதமுனி கதையைச் சொல்லச் சொல்லிப் போனில் பதிந்து வைத்திருக்கிறேன். நடுவில் இருமல் வரும், பொறுத்துக் கேள். நாளை அனுப்புகிறேன்.

அன்புடன்,
அப்பா