பட்டுக்கூடு, பரிசல், பத்திரம்: எங்கள் நாவலுக்குத் துணை நின்றவர்களுக்கு நன்றி மடல்

அன்புடையீர், வணக்கம்.

தருமபுரியிலிருந்து எழுதுகிறோம். தனியாகத் தொழில் நடத்தும் ஒரு பெண்ணை நாயகியாக வைத்துக் காதலும் ஆபத்தும் மர்மமும் கலந்து நாங்கள் எழுதிய நாவல் அச்சாகி வந்துவிட்டது. புத்தகத்தில் நன்றிக்கு ஒரே பக்கம்தான் ஒதுக்க முடிந்தது. நீங்கள் கொடுத்தது ஒரு பக்கத்தில் அடங்காது. பெயர் போட வேண்டாம் என்று உங்களில் பலர் கேட்டுக்கொண்டீர்கள். ஆகவே இந்த மடலிலும் தொழிலைச் சொல்லியே நன்றி கூறுகிறோம்.

இந்த வகைக் கதையில் நாயகி சொந்தக் காலில் நிற்பவள் என்று முதல் அத்தியாயத்தில் எழுதிவிடுவது சுலபம். எந்த வருமானத்தில் நிற்கிறாள், விடிந்ததும் எங்கே போகிறாள், யாருக்குக் கடன் பாக்கி வைத்திருக்கிறாள் என்பதெல்லாம் எழுதுகிறவருக்குத் தெரியாவிட்டால் கதை பாதியிலேயே பழைய தடத்துக்குத் திரும்பிவிடும்: அவளை யாரோ கடத்துவார்கள், நாயகன் வந்து மீட்பான். அவள் பார்க்கும் வேலைதான் அவளை ஆபத்துக்குள் இழுக்க வேண்டும். அந்த வேலையில் பழகிய கண்ணும் கையும்தான் அவளை வெளியே கொண்டுவர வேண்டும். அதற்கான வேலையை எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தவர்கள் நீங்கள்.

முதல் நன்றி தருமபுரி பட்டுக்கூடு அங்காடிக்கு வந்து கூடு வாங்கி நூல் எடுக்கும் நூற்பாளர் அக்காவுக்கு. எங்கள் நாயகியும் நூற்பாளர்தான். அக்கா, நீங்கள் சொன்ன கணக்கில்தான் அவளுடைய வாழ்க்கையே ஓடுகிறது. நல்ல வெண்கூடாக அமைந்தால் ஒரு கிலோ நூலுக்கு ஆறரை, ஏழு கிலோ கூடு போதும். தரம் குறைந்தால் எட்டையும் தாண்டும். ஏலத்தில் கிலோவுக்குப் பத்து ரூபாய் கூடுதலாகக் கேட்டுவிட்டால் நூலில் எவ்வளவு அடிபடும் என்பதை அவள் மனக்கணக்காகப் போடுகிறாள். அந்த ஒரு பத்தி வந்த பிறகு, அவள் தன்னம்பிக்கை உள்ளவள் என்று தனியாக எழுதும் தேவையே இல்லாமல் போயிற்று.

மர்மத்தின் முடிச்சும் அக்கா கொடுத்ததுதான். (நாவலை இன்னும் படிக்காதவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிவிடலாம்.)

புழு சந்திரிகையில் (கூடு கட்டுவதற்காகப் புழுவை ஏற்றிவிடும் தட்டு) ஏறி இரண்டு மூன்று நாளில் கூடு கட்டி முடிக்கிறது. கலப்பினக் கூட்டை ஐந்தாறு நாளிலும் வெண்கூட்டை ஏழெட்டு நாளிலும் பிரித்து எடுத்துவிடுவார்கள். எடுக்காமலோ வெப்பத்தில் உள்புழுவைக் கொல்லாமலோ விட்டால், ஏறிய நாளிலிருந்து ஏறக்குறைய இரண்டு வாரத்தில் அந்துப்பூச்சி கூட்டைத் துளைத்துக்கொண்டு வெளியே வந்துவிடும். அதற்குப் பிறகு அந்தக் கூட்டிலிருந்து தொடர்ச்சியாக நூல் எடுக்க முடியாது. ஆக, பட்டுக்கூட்டைப் பார்த்தே நாள் சொல்லலாம். புழு ஏறி ஐந்து நாள்தான் ஆகிறது, ஐந்து நாளும் கொட்டகையை விட்டு நகரவில்லை என்று ஒருவன் சாதிக்கிறான். அதே கொட்டகையின் மூலையில் துளை விழுந்த கூடுகள் கிடக்கின்றன. இதில் எழுதுகிறவர்கள் சறுக்கக்கூடிய இடம் ஒன்று உண்டு. பட்டுப்புழுவைத் தாக்கும் ஒட்டுண்ணியான ஊசி ஈயின் புழுவும் கூட்டைத் துளைக்கும், அதுவும் அந்துப்பூச்சிக்கு முன்பே. ஈப்புழு போட்ட துளை சிறியது, வட்டமானது. அந்துப்பூச்சி வந்த துளை கூட்டின் முனையில் இருக்கும். ஈரம் பட்டுக் கறையேறி, ஓரத்து இழைகள் கலைந்து கிடக்கும். இரண்டையும் எங்கள் உள்ளங்கையில் வைத்து வித்தியாசம் காட்டினீர்கள், அக்கா. அந்த வித்தியாசத்தை ஏழாம் அத்தியாயத்தில் ஏலக் கூடத்துப் பேச்சாக வைத்துவிட்டோம். இருபத்திரண்டாம் அத்தியாயத்தில் நாயகி குற்றவாளியைக் கண்டுபிடிக்கும்போது, வாசகருக்கும் அதே தகவல் முன்பே கிடைத்திருக்கிறது. தடயத்தை ஒளித்து வைத்துவிட்டுக் கடைசியில் எடுத்து நீட்டுவது வாசகரை ஏமாற்றும் வேலை.

குலுக்கிப் பார்க்கும் பழக்கத்துக்கும் சேர்த்து நன்றி. நல்ல கூட்டைக் காதருகே வைத்துக் குலுக்கினால் உள்ளே கூட்டுப்புழு அசையும் சத்தம் கேட்கும். செத்து உருகி ஒட்டிக்கொண்டால் கேட்காது. நாயகியைப் பற்றிய முதல் வரியே அந்தக் குலுக்கல்தான்.

ஒகேனக்கல்லில் பரிசல் ஓட்டும் அண்ணன்களுக்கு: வெள்ளத்தில் பரிசல் துரத்தல் காட்சி வேண்டாம் என்று நீங்கள் சொன்னதற்கு நன்றி. காவிரி தமிழ்நாட்டுக்குள் நுழையும் பிலிகுண்டுலுவில் அளக்கும் நீர்வரத்து ஏறினால் மாவட்ட நிர்வாகம் பரிசலுக்குத் தடை போட்டுவிடும். பரிசல்களை மேட்டுக்குக் கொண்டுபோய்க் கவிழ்த்து வைத்துவிடுவீர்கள். மூங்கில் பிளாச்சில் பின்னி, பிளாஸ்டிக் விரிப்பு போர்த்தித் தார் பூசியது என்பதால் ஒரே ஆள் தலையில் கவிழ்த்துத் தூக்கிப் போக முடிகிறது. தடை உள்ள நாளில் கரையோரம் ஈரத்தோடு ஒரு பரிசல் கிடந்தால், அதுவே ஒரு கேள்வி. துரத்தலை எடுத்துவிட்டு அந்தக் கேள்வியை வைத்தோம், கதைக்குப் பலம் கூடியது. துடுப்பை ஒரு பக்கமாகவே போட்டால் பரிசல் நின்ற இடத்தில் சுழலும் என்பதும், முன்பக்கம் பார்த்து நீரைத் தன்னை நோக்கி இழுத்துப் போட வேண்டும் என்பதும் நீங்கள் சொன்னவை. பழக்கமில்லாதவன் இரவில் தனியாக ஆற்றைக் கடந்தேன் என்று சொன்னால் எங்கள் நாயகி நம்ப மாட்டாள்.

பென்னாகரம் பக்கத்துப் பத்திர எழுத்தர் ஐயாவுக்கு நாங்கள் பட்ட கடன் பெரிது. சொத்துக்காக நடக்கும் கொலை இந்த வகை நாவல்களில் எத்தனையோ வந்திருக்கிறது. பெரும்பாலானவற்றில் நாயகி வில்லங்கச் சான்று எடுத்த உடனே உண்மை வெளியே வந்துவிடுகிறது. வில்லங்கச் சான்றில் எது வராது என்பதை ஐயா வரிசையாகச் சொன்னார். பதிவு செய்யாத ஒப்பந்தம் வராது. உயில் வராது. உயிலுக்குப் பதிவு கட்டாயமில்லை, இரண்டு சாட்சிகள் கையெழுத்திட்டால் போதும்; பதிவு செய்தாலும் அது பதிவு அலுவலகத்தின் மூன்றாம் புத்தகத்தில் ஏறும், வில்லங்கம் பார்ப்பது முதல் புத்தகத்தின் பதிவுகளை. எழுதியவர் உயிரோடு இருக்கும்வரை அந்த உயிலின் நகல் அவருக்குத்தான் கிடைக்கும், வேறு யாருக்கும் கொடுக்க மாட்டார்கள். சான்று சுத்தமாக இருக்கிறது என்ற தைரியத்தில் நாயகி முன்பணம் கொடுத்துவிடுகிறாள், பிறகுதான் பெரியம்மாவின் உயில் கிளம்புகிறது. பட்டா வேறு, பத்திரம் வேறு என்ற பாடத்தையும் ஐயாவிடமே படித்தோம். பெண்ணுக்குப் பூர்வீகச் சொத்தில் சம பங்கு கொடுக்கும் திருத்தம் தமிழ்நாட்டில் 1989-லேயே வந்துவிட்டது, நாடு முழுவதற்கும் 2005-ல் வந்தது. 1989 திருத்தம் அதற்கு முன்பே கல்யாணமானவர்களுக்குப் பங்கு கொடுக்கவில்லை. அப்படி முன்பே கல்யாணமாகிப் போன மூத்தவளுக்கும் பிறகு கல்யாணமான இளையவளுக்கும் நடுவே உண்டாகும் கசப்பை ஐயா விளக்காமல் இருந்தால், எங்கள் நாவலில் அக்கா தங்கை சண்டைக்குக் காரணமே இருந்திருக்காது.

ஓய்வுபெற்ற பெண் காவல் அதிகாரி அம்மாவுக்கு வணக்கமும் நன்றியும். 2024 ஜூலை 1 முதல் பழைய குற்றவியல் சட்டங்கள் போய்ப் புதியவை வந்துவிட்டன. சந்தேக மரணத்துக்குப் பிரிவு 174 என்று எழுதினால் கதை நடக்கும் ஆண்டோடு பொருந்தாது, இப்போது பிரிவு 194. சூரியன் மறைந்த பிறகும் விடிவதற்கு முன்பும் பெண்ணைக் கைது செய்யக் கூடாது. தவிர்க்கவே முடியாத நிலையில் பெண் அதிகாரி எழுத்து மூலம் மாஜிஸ்திரேட்டிடம் முன்அனுமதி வாங்க வேண்டும். விசாரணைக்கு அழைப்பதானாலும், அவளே ஸ்டேஷனுக்கு வர விரும்பினால் தவிர, பெண்ணை அவள் வீட்டில் வைத்துத்தான் கேட்க வேண்டும். நள்ளிரவில் ஸ்டேஷனுக்கு வா என்று ஒருவர் கூப்பிடும் காட்சியை நீங்கள் வெட்டச் சொல்லவில்லை, அம்மா. அவள் போக மறுத்துச் சட்டத்தைச் சொல்லட்டும் என்றீர்கள். அந்த இரண்டு வரிகள்தான் படித்தவர்கள் அதிகம் பேசும் இடம். கைப்பேசி விஷயமும் அப்படியே. டவர் காட்டுவது இடத்தை அல்ல, வட்டாரத்தை. காட்டோரத்தில் அந்த வட்டாரம் பல கிலோமீட்டர் விரியும். சிம்மை மாற்றினாலும் கருவியின் எண் பதிவாகிக்கொண்டே இருக்கும்.

அரசு மருத்துவமனைச் செவிலியர் சகோதரிக்குச் சுருக்கமாக, ஆனால் மனமார. மூக்கில் துணியை வைத்த நொடியில் யாரும் மயங்கி விழ மாட்டார்கள், மயக்க மருந்துக்குச் சில நிமிடங்களாவது பிடிக்கும். தலையில் அடிபட்டு அரைமணி நேரம் நினைவில்லாமல் கிடந்தவன் எழுந்து சண்டை போட முடியாது. அவன் போக வேண்டிய இடம் ஸ்கேன் அறை. கட்டுவிரியன் கடித்தது சில சமயம் வலிக்கவே வலிக்காது, இமை தொங்குவதுதான் முதலில் கண்ணில் படும். கயிற்றால் இறுக்கிக் கட்டாமல், வெட்டாமல், 108-ஐ அழைத்து விஷமுறிவு மருந்து இருக்கும் மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். மூன்றையும் அப்படியே எடுத்துக்கொண்டோம்.

ஓசூரில் விடுதியில் தங்கித் தொழிற்சாலை வேலைக்குப் போகும் தோழியர்களே, கையெழுத்துப் பிரதியை ஷிப்டுக்கு ஷிப்ட் மாற்றி மாற்றிப் படித்தீர்கள். காதல் பகுதி உங்களால்தான் நிமிர்ந்தது. அவன் அவளுடைய போனை எடுத்துப் பார்ப்பதை அக்கறை என்று எழுதக் கூடாது என்று ஓரத்தில் சிவப்பு மையில் எழுதியவர் யாரோ, அவருக்குத் தனியாக ஒரு நன்றி. இந்த வகை நாவலில் காதலன்மேல் வாசகருக்குச் சந்தேகம் வர வேண்டும். வந்த சந்தேகம் ஒவ்வொன்றுக்கும் முடிவுக்குள் பதில் கிடைக்கவும் வேண்டும். மூன்று சந்தேகங்களுக்கு மேல் போனால், அவன் நிரபராதி என்று தெரிந்த பிறகும் அவன்மேல் பிரியம் வராது என்றீர்கள். மூன்றோடு நிறுத்தினோம். அவன் சொல்லும் பொய் சின்னதாக, அவளைப் பற்றியதாக இல்லாமல், தன் தம்பியின் கடனை மறைப்பதாக இருக்கிறது. கடைசியில் அவள் அவனை மன்னிக்கிறாள். கல்யாணத் தேதியை அவள் இன்னும் சொல்லவில்லை. அப்படியே விடச் சொன்னதும் நீங்கள்தான்.

அச்சகத்து அண்ணனுக்கும் பைண்டிங் பெண்களுக்கும்: கிரவுன் 1/8 அளவு, 128 பக்கம், பதினாறு பக்கமாக எட்டு ஃபாரம் (ஒரே தாளில் சேர்த்து அச்சடிக்கும் பக்கத் தொகுதி). அத்தியாயத்துக்கு ஐந்து பக்கமாக இருபத்துநான்கு அத்தியாயம், 120. தலைப்பு, உரிமை, நன்றி முதலியவற்றுக்கு எட்டு. ஒரு அத்தியாயம் அரைப்பக்கம் நீண்டாலும் ஒன்பதாவது ஃபாரம் போட்டு விலையை ஏற்ற வேண்டிவரும் என்று நீங்கள் முதலிலேயே சொன்னதால் எழுதும்போதே அளவு பிடிபட்டது. காகிதத்தின் இழையோட்டம் முதுகுக்கு இணையாக இருக்க வேண்டும் என்பதில் நீங்கள் காட்டிய பிடிவாதத்துக்குக் கைகூப்புகிறோம். குறுக்காகப் போனால் புத்தகம் விரியாது, பிரித்துப் பிடிக்கும்போது முதுகு வெடித்துப் பக்கம் உதிரும். பஸ்ஸில் ஒற்றைக் கையால் மடக்கிப் பிடித்துப் படிக்கும் புத்தகத்துக்கு அது முக்கியம்.

பிழை திருத்திய இரு ஆசிரியைகளில் ஒருவர் ஒற்றெழுத்தை மட்டும் பார்த்தார், மற்றவர் நாளையும் நேரத்தையும் மட்டும் பார்த்தார். எந்த நாளில் யார் எங்கே, கையில் என்ன, யாருக்கு எது தெரியும் என்று அவர் போட்ட நான்கு கட்ட அட்டவணை இல்லாமல் இனி எந்த மர்மக் கதையையும் தொடங்க மாட்டோம்.

உங்கள் ஒவ்வொருவருக்கும் இரண்டு பிரதிகள் எடுத்து வைத்திருக்கிறோம். பரிசல் அண்ணன்களுக்கு உரியவை பென்னாகரம் பத்திர எழுத்தர் ஐயாவின் மேசையிலும், ஓசூர் தோழியருக்கு உரியவை விடுதிக் காப்பாளர் அம்மாவிடமும் இருக்கும். உங்கள் தொழிலைப் பற்றி எழுதியதில் ஏதாவது பிசகு கண்ணில் பட்டால் பக்க எண்ணோடு குறித்து அனுப்புங்கள். மறுபதிப்புக்கு முன் அந்த ஃபாரத்தை மட்டும் மாற்றி அடிக்க அச்சகத்தில் ஒத்துக்கொண்டிருக்கிறார்கள்.

நன்றியுடன்,
நாவல் எழுதிய குழுவினர்
தருமபுரி