கினுயோ தனாகா பேசாத இடங்கள்

அன்பு மகளுக்கு,

இங்கு அனைவரும் நலம். உன் நலம் அறிய ஆவல்.

ஊமைப்படத்து நடிப்பு என்றாலே கண்ணை உருட்டுவதும் கையை விரிப்பதும்தானே என்று சென்ற வாரம் தொலைபேசியில் கேட்டாய். நீ வேலைக்குக் கிளம்பும் நேரத்தில் அதற்குப் பதில் சொல்ல இயலவில்லை. சாவகாசமாக எழுதலாம் என்று உட்கார்ந்திருக்கிறேன். ஜப்பானில் நீ குடியிருக்கும் கொக்குராவுக்கு எதிர்க்கரையில், கடலடிச் சுரங்கத்தில் ரயில் புகுந்து வெளிவந்தால் வந்துவிடுகிற ஷிமோனோசெகியில், 1909இல் பிறந்த ஒரு நடிகையை வைத்தே அந்தப் பதிலைச் சொல்லிவிடலாம். அவர் பெயர் கினுயோ தனாகா. அந்த ஊரில் 1924இல் கட்டப்பட்ட பழைய தொலைபேசி அலுவலகக் கட்டடத்தை இப்போது அவருடைய நினைவகமாக வைத்திருக்கிறார்கள். அவர் முதன்முதலாகத் திரையில் தோன்றியதும் அதே 1924இல்தான்.

சிறு வயதிலேயே தந்தையை இழந்த அவர், குடும்பம் நொடித்து ஒசாகாவுக்குக் குடிபெயர்ந்தபின், பிவா என்னும் நரம்பிசைக் கருவியைக் கற்று, சிறுமியர் இசை நாடகக் குழு ஒன்றில் மேடையேறினார். பதினான்கு வயதில் ஷோச்சிகு என்னும் படநிறுவனத்தில் சேர்ந்து, அடுத்த ஆண்டே தோக்கியோவின் கமாத்தா படப்பிடிப்புத் தளத்துக்கு மாறினார். இந்த இடமாற்றம் முக்கியமானது என்பது என் எண்ணம். கியோத்தோவில் வாள்வீச்சுப் படங்கள் கொடிகட்டிப் பறந்த காலத்தில், ஷிரோ கிதோவின் தலைமையில் இயங்கிய கமாத்தா, சம்பளக்காரர் வீட்டுக் கவலையையும் அக்கம்பக்கத்துச் சிரிப்பையும் படமாக்கிக்கொண்டிருந்தது. அத்தகைய கதையில் ஒரு மனைவி கதவைச் சாத்துவதும் கணவனின் மேல்சட்டையை வாங்கி மாட்டுவதுமே நடிப்பு. அங்கே கண்ணை உருட்டினால் படம் கெட்டுவிடும்.

இன்னொன்றையும் நீ அறிந்திருக்க வேண்டும். ஜப்பானில் ஊமைப்படம் ஊமையாக ஓடியதே இல்லை. திரைக்குப் பக்கத்தில் நின்று கதையைச் சொல்லி, எல்லாப் பாத்திரங்களுக்கும் தாமே குரல் கொடுத்த பென்ஷி என்னும் கதைசொல்லிகள் இருந்தார்கள். நடிகரைப் பார்க்க வந்த கூட்டத்துக்கு இணையாக இவர்களைக் கேட்க வந்த கூட்டமும் உண்டு. துயரத்தை வாயால் சொல்ல ஒருவர் பக்கத்திலேயே நின்றதால், திரையில் இருப்பவர் அதைக் கத்திக் காட்ட வேண்டியிருக்கவில்லை. தனாகாவின் அடக்கத்துக்கு இதுவும் ஒரு காரணம் என்று நான் நினைக்கிறேன். அவருடைய ஊமைப்படங்களில் பெரும்பாலானவை அழிந்துவிட்டன. யசுஜிரோ ஓஸு 1929இல் எடுத்த, பட்டம் பெற்றும் வேலை கிடைக்காத இளைஞனைப் பற்றிய படத்தில் அவர் நடித்த மனைவியை, எஞ்சியிருக்கும் பத்து நிமிடத் துண்டில் மட்டுமே காண முடிகிறது.

ஹெய்னொசுகே கோஷோ இயக்கி 1931 ஆகஸ்டு முதல் தேதி வெளியான 'மேடமும் மனைவியும்' ஜப்பானின் முதல் முழுநீளப் பேசும் படம் என்று மதிக்கப்படுகிறது. நாடகம் எழுத அமைதி தேடும் ஓர் எழுத்தாளரை அடுத்த வீட்டு ஜாஸ் இசை, பூனை, குழந்தை என்று ஒவ்வொன்றாக வந்து கெடுக்கும் கதை அது. ஒலியைக் காட்டிக்கொள்ள ஒலியையே தொல்லையாக்கிய அந்தக் குறும்பு எனக்கு மிகவும் பிடிக்கும். எழுத்தாளரின் மனைவி தனாகா. ஷிமோனோசெகியிலும் ஒசாகாவிலும் வளர்ந்தவருக்குத் தோக்கியோப் பேச்சு வாய்க்கவில்லை. அது திரையில் குறையாகத் தெரியும் என்ற அச்சம் இருந்தது. ரசிகர்களோ அவர் கணவனைக் கொஞ்சிக் கூப்பிடும் அந்தக் குழைவான குரலிலேயே மயங்கிப்போனார்கள். 'கினெமா ஜுன்போ' என்னும் திரைப்பட இதழ் அவ்வாண்டின் சிறந்த படமாக அதையே தேர்ந்தெடுத்தது.

இதன்பின் அவர் பேசிக்கொண்டே போனார் என்று நீ எண்ணினால், வரலாறு அப்படி நடக்கவில்லை. கருவிகளின் செலவு, திரையரங்குகளின் தயக்கம், வேலை பறிபோகும் பென்ஷிகளின் எதிர்ப்பு ஆகியவை சேர்ந்து ஜப்பானில் பேசும் படத்தின் வருகையைப் பல ஆண்டுகள் இழுத்தடித்தன. 1932இல் பென்ஷிகள் வேலைநிறுத்தமே செய்தார்கள். அதில் முன்நின்றவர்களுள் ஒருவர் இயக்குநர் அகிரா குரோசாவாவின் அண்ணன், மறு ஆண்டே தற்கொலை செய்துகொண்டார். நாடே கேட்ட குரலுக்குச் சொந்தக்காரரான தனாகா 1933இல் மீண்டும் ஊமைப்படங்களில் நடித்தார். அவற்றில் ஒன்று, பகலில் தட்டச்சராகவும் இரவில் ரவுடியின் காதலியாகவும் அவர் வரும் ஓஸுவின் படம். காதலன் தப்பி ஓடாமல் சரணடைந்து புது வாழ்வு தொடங்க வேண்டும் என்பதற்காக அவன் காலில் சுடும் பெண்ணாக, இரண்டு ஆண்டுகளுக்கு முன் கொஞ்சிப் பேசியவரே வருகிறார் என்பதை நம்புவது கடினம்.

1938இல் வந்த 'அய்ஸென் கத்சுரா' என்ற காதல் படம், குழந்தையுடன் வாழும் செவிலியாக அவரை வீட்டுக்கு வீடு தெரிந்தவராக்கியது. அதை விரைவாகக் கடந்துவிடுகிறேன். கண்ணீருக்கென்றே நெய்த கதை. நான் சொல்ல வந்தது 1944இல் கெய்சுகே கினோஷிதா எடுத்த 'இராணுவம்' படத்தின் இறுதிக் காட்சியை. போர்க்காலப் பிரசாரத்துக்காக எடுக்கப்பட்ட அந்தப் படத்தின் குடும்பம் உன் கொக்குராவிலிருந்து ஹக்காதாவுக்குப் பெயர்ந்த குடும்பம். மகன் போருக்குப் புறப்படும் நாளில், படைவீரர்க்கான பேரரசரின் ஆணையை வீட்டில் முணுமுணுத்துக்கொண்டிருக்கும் தாய், ஊதுகொம்பின் ஒலி கேட்டதும் தெருவுக்கு ஓடுகிறாள். கொடியசைக்கும் கூட்டத்தை இடித்துத் தள்ளிக்கொண்டு, அணிவகுத்துச் செல்லும் நூற்றுக்கணக்கான முகங்களில் ஒரு முகத்தைத் தேடுகிறாள். கண்டதும் பக்கத்திலேயே நடக்கிறாள், சிரிக்கிறாள், தள்ளுண்டு விழுகிறாள், எழுந்து கைகூப்புகிறாள். பல நிமிடங்கள் நீளும் இந்தக் காட்சியில் அவருக்கு வசனம் இல்லை என்றே சொல்லலாம். வீரத்தாயாக வழியனுப்ப வேண்டியவளின் கால்கள் எல்லாவற்றையும் காட்டிக்கொடுத்துவிடுகின்றன. வசனமாக இருந்திருந்தால் தணிக்கையாளர் வெட்டியிருப்பார்; நடையை எங்கே வெட்டுவது? இராணுவத்தினர் சினம் கொண்டார்கள். போர் முடியும்வரை கினோஷிதா வேறு படம் எடுக்கவில்லை.

போருக்குப்பின் நல்லெண்ணத் தூதராக அமெரிக்கா சென்று 1950இன் தொடக்கத்தில் திரும்பிய தனாகா, மேலைநாட்டு அலங்காரத்தில் கூட்டத்தை நோக்கி முத்தங்களைப் பறக்கவிட்டார் என்பதற்காகப் பத்திரிகைகளால் கடுமையாகத் தாக்கப்பட்டார். நாற்பது வயது நடிகைக்கு அத்தோடு கதை முடிந்தது என்று பலரும் எழுதினார்கள். கென்ஜி மிசோகுச்சி அவரை வைத்து 1952இல் 'ஒஹாருவின் வாழ்க்கை'யை எடுத்தார். அதற்கு வெனிஸ் விழாவில் சர்வதேசப் பரிசு கிடைத்தது. அரண்மனைப் பணிப்பெண்ணாகத் தொடங்கி முதிய விலைமகளாகும் வரை தாழும் அந்தப் பாத்திரத்துக்கு, முதுகு வளைவதும் அடி தளர்வதுமே வயதின் கணக்கு. புத்தச் சீடர்களின் சிலைகள் வரிசையாக நிற்கும் மண்டபத்தில், ஒரு சிலையின் முகத்தில் இறந்த காதலனைக் கண்டு அவர் மெல்லச் சிரிக்கும் இடத்தைப் பார். கோஷோவின் படத்துக்கு முந்திய ஏழு ஆண்டுகளின் ஊமைப்படப் பயிற்சி அங்கே இருக்கிறது.

என் வாதத்துக்கு எதிரான சாட்சியையும் மறைக்காமல் சொல்லிவிடுகிறேன். மிசோகுச்சியின் 1954ஆம் ஆண்டு 'சான்ஷோ'வில், தீவுக்கு விற்கப்பட்ட தாய் பிள்ளைகளின் பெயர்களைச் சொல்லிப் பாடுகிறாள். அந்தப் பாட்டு, விற்கப்பட்டு வந்த வேறொரு பெண்ணின் வாய்வழியாகத் தொலைதூரத்தில் அடிமைப்பட்டிருக்கும் மகளை எட்டுகிறது. தாயின் உடல் போக முடியாத இடத்துக்கு அவள் குரல் போகிறது. தனாகாவின் குரல் இல்லாமல் அந்தப் படமே இல்லை.

இதற்கிடையே 1953இல் அவர் இயக்குநரானார். மிகியோ நருசேயின் படம் ஒன்றில் உதவியாளராக நின்று பழகிக்கொண்டு, கினோஷிதாவின் திரைக்கதையில் 'காதல் கடிதம்' எடுத்தார். மறு ஆண்டு அது கான் விழாவில் போட்டியிட்டது. 1955இல் வெளிவந்த அடுத்த படத்துக்கு ஓஸு தாம் பங்கேற்று எழுதிய திரைக்கதையைக் கொடுத்தார். பல ஆண்டுகள் தனாகாவை நடிக்க வைத்த மிசோகுச்சியோ அவர் இயக்குவதை வெளிப்படையாக எதிர்த்தார். மேதைகளுக்கும் இத்தகைய சிறுமை உண்டு. தனாகா மொத்தம் ஆறு படங்களை இயக்கினார். மார்பகப் புற்றுநோயால் இறந்த பெண் கவிஞர் ஒருவரைப் பற்றிய 1955ஆம் ஆண்டுப் படம் அவற்றில் தலையாயது என்பேன்.

1958இல் கினோஷிதாவின் 'நராயாமா'. எழுபது வயதை எட்டும் முதியவர்களை மலையில் விட்டுவரும் ஊரின் கதை. மலை ஏறத் தொடங்கியபின் பேசக்கூடாது என்பது அவ்வூர் விதி. மகன் முதுகில் சுமந்து சென்று இறக்கிவிட, போய்விடு என்று தாய் கையசைவால் மட்டுமே சொல்கிறாள். ஜப்பானிய மரபு நாடகமான கபுகியின் மேடை போல் கட்டிய அரங்கில், பின்னணியில் ஷாமிசென் என்னும் நரம்பிசைக் கருவி ஒலிக்க ஒரு பாடகர் கதை சொல்லிக்கொண்டு போகிறார். கதை சொல்ல ஒருவர் இருக்க, திரையில் பேசாமல் நடிக்கும் தனாகா! பென்ஷி காலத்தைக் கினோஷிதா மனத்தில் வைத்திருந்தாரோ இல்லையோ, எனக்கு அதுதான் தோன்றியது.

கடைசிக் காலப் படங்களில், கெய் குமாயின் 1974ஆம் ஆண்டு 'சண்டாகன்'. இளமையில் போர்னியோவுக்கு விற்கப்பட்டு, முதுமையில் அமாகுசாவின் குடிசையில் தனித்து வாழும் கிழவியாக நடித்தமைக்கு 1975இல் பெர்லின் விழாவில் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருது பெற்றார். விடைபெறும் இளம்பெண் பணம் நீட்டும்போது, நீ பயன்படுத்திய துண்டைக் கொடு என்று கேட்டு வாங்கி, அதில் முகம் புதைத்து அவர் அழும் இடத்தில் நான் படத்தை நிறுத்திவிட்டுச் சற்று நேரம் எழுந்து நடந்தேன். 1977இல் அவர் காலமானார்.

முதலில் 'இராணுவம்' பார். அடுத்து ஒஹாரு. 1931ஆம் ஆண்டுப் படத்தின் ஒலி கரகரப்பாக இருக்கும். காதுக்குள் மாட்டும் கருவி வேண்டாம், பெரிய ஒலிபெருக்கியில் கேள். அவர் இயக்கிய ஆறு படங்களும் அண்மையில் புதுப்பிக்கப்பட்டிருக்கின்றன. எனக்கு இங்கே அவற்றில் சில கிடைக்கவில்லை. அங்கே குறுந்தகடு கிடைத்தால் வாங்கி வை, வரும்போது எடுத்து வரலாம்.

அன்புடன்,
அப்பா